17 நிமிடப் படமும் 99 வருட வாழ்க்கையும்: இசைக்கலைஞரின் மனைவியாக வந்த லில்லியன் கிஷ்

நியூயார்க்கில் ஏழைகள் நெருக்கியடித்து வாழும் பகுதி. அங்கே ஓர் ஒண்டிக்குடித்தன வீடு. உள்ளே மூன்று பேர். இசைக்கலைஞரான கணவன், இளம் மனைவி, மனைவியின் வயதான அம்மா. வருமானம் போதவில்லை. வெளியூர் போய் நாலு காசு சம்பாதித்து வருகிறேன் என்று கணவன் கிளம்புகிறான். அவன் இல்லாத நேரத்தில் அம்மா இறந்துபோகிறார். பெண் தனியாகிறாள். ஏரியா ரவுடி ஒருவன் வழிமறித்து வம்பு செய்ய, யோசிக்காமல் கன்னத்தில் ஒன்று விடுகிறாள்.

கணவன் திரும்பி வருகிறான், பர்ஸ் நிறைய பணத்தோடு. வீட்டுக்குள் கால் வைப்பதற்கு முன்பே அதே ரவுடி அந்தப் பர்ஸை அடித்துக்கொண்டு போய்விடுகிறான். பறிகொடுத்த பணத்தைத் தேடிக் கணவன் மறுபடி வெளியே போகிறான். வீட்டில் மறுபடியும் அவள் மட்டும்.

இது 1912 அக்டோபர் 31-ம் தேதி வெளியான 'தி மஸ்கெட்டியர்ஸ் ஆஃப் பிக் ஆலி' என்ற மௌனப் படத்தின் கதை. ஓடும் நேரம் சுமார் 17 நிமிடம். இயக்கியவர் டி.டபிள்யூ.கிரிஃபித், தயாரிப்பு பயோகிராஃப் கம்பெனி. சினிமா வரலாறு பேசுபவர்களிடம் இந்தப் பெயரைச் சொல்லுங்கள், உலகின் முதல் கேங்ஸ்டர் படங்களில் ஒன்று என்பார்கள். தப்பில்லை. பின்பாதியில் இரண்டு ரவுடிக் கும்பல்கள் சந்துக்குள் துப்பாக்கியோடு மோதிக்கொள்கின்றன. போலீஸ் வருகிறது. அந்த ரவுடியின் முகம் செங்கல் சுவரை ஒட்டி ஊர்ந்து ஊர்ந்து கேமராவுக்குக் கிட்டே வந்து திரையை அடைத்து நிற்கும் ஷாட்டை இன்றைக்கும் சினிமா மாணவர்களுக்குப் போட்டுக் காட்டுகிறார்கள்.

ஆனால், அந்த ரவுடியைக் கொஞ்சம் ஒதுக்கிவிட்டு ஒருமுறை பாருங்கள். சம்பாதிக்கப் போன ஆண், காத்திருக்கும் பெண்கள், வராத பணம். இது ஒரு குடும்பக் கதை. மனைவியாக நடித்த பெண்ணுக்கு அப்போது 19 வயது. பெயர் லில்லியன் கிஷ். கணவன் கிளம்பிப் போன வீடு எப்படி இருக்கும் என்று அந்தப் பெண்ணுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை.

அப்பா இல்லாத வீடு

1893 அக்டோபர் 14-ம் தேதி, அமெரிக்காவின் ஒஹையோ மாகாணத்தில் ஸ்பிரிங்ஃபீல்ட் என்ற ஊரில் பிறந்தார் லில்லியன். (பின்னாளில் தன் வயதில் மூன்று வருடத்தைச் சத்தமில்லாமல் கழித்துக்கொண்டு, 1896 என்றுதான் சொல்லிவந்தார். நடிகைகள் வயது விஷயத்தில் எல்லா ஊரும் ஒரே ஊர்தான் போல!) அப்பா ஜேம்ஸ் கிஷ். வேலையில் நிலைக்காதவர், குடிப்பவர். லில்லியனும் தங்கை டோரதியும் சின்னக் குழந்தைகளாக இருக்கும்போதே குடும்பத்தை விட்டு விலகிப்போய்விட்டார்.

அம்மா மேரி என்ன செய்தார் தெரியுமா? நடிக்கப் போனார். அந்தக் காலத்தில் நாடகக் கொட்டகைக்கு நடிக்கப் போகும் பெண்ணை அமெரிக்காவிலும் ஊர் ஒரு மாதிரிதான் பார்த்தது. சாப்பாட்டுக்கு வேறு வழி இருக்கவில்லை. கொஞ்ச நாளில் பெண்கள் இரண்டு பேரும் மேடையேறினார்கள். லில்லியன் முதன்முதலாக நடித்தபோது ஒன்பது வயதுகூட நிறையவில்லை. ஊர் ஊராகப் போகும் நாடகக் குழுக்கள், ராத்திரி ரயில், மலிவான தங்குமிடம். ஒரே குழுவில் மூவருக்கும் வாய்ப்பு கிடைக்காதபோது, அம்மா ஒரு பக்கம், பிள்ளைகள் வேறு பக்கம் என்று பிரிந்து போக வேண்டியிருந்தது. அந்த வயதிலேயே லில்லியன் சம்பளக்காரி. தொடர்ந்து பள்ளிக்கூடம் போகும் கொடுப்பினை அவருக்கு இருந்ததே இல்லை.

நியூயார்க்கில் வாடகையை மிச்சம் பிடிப்பதற்காக இன்னொரு நாடகக் குடும்பத்தோடு சேர்ந்து குடியிருந்தார்கள். அந்த வீட்டிலும் ஆண் துணை இல்லை. ஓர் அம்மா, மூன்று பிள்ளைகள். மூத்த பெண்ணின் பெயர் கிளாடிஸ் ஸ்மித். இந்தப் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், திரும்ப வரும்.

பிறகு மேரி, கிழக்கு செயின்ட் லூயிஸ் நகரில் ஒரு தியேட்டருக்குப் பக்கத்தில் மிட்டாய்க்கடை போட்டார். பெண்களும் கடையில் நின்றார்கள். பக்கத்துத் தியேட்டர் தீப்பிடித்து எரிந்ததும் கடைப் பிழைப்பும் போயிற்று.

லில்லியனுக்கு 17 வயது இருக்கும்போது ஒரு தகவல் வந்தது. ஓக்லஹாமாவில் அப்பா உடல்நலம் கெட்டுக் கிடக்கிறார். தகவல் சொன்னது அப்பாவின் தம்பி. லில்லியன் தனியாகக் கிளம்பிப் போனார். முகம்கூடச் சரியாக நினைவில்லாத அப்பாவை, மருத்துவமனையில் வைக்கப்பட்டிருந்த நிலையில் பார்த்தார். அந்தப் பக்கத்தில் ஷானீ என்ற ஊரில் சித்தப்பா வீட்டில் சில மாதங்கள் தங்கி, அங்கே பள்ளிக்கூடத்துக்கும் போனார். மேஜையைச் சுற்றி எல்லோரும் உட்கார்ந்து சாப்பிடும், தினமும் ஒரே கூரையின் கீழ் தூங்கும் ஒரு சாதாரண வீட்டில் லில்லியன் கொஞ்ச காலம் இருந்தார் என்றால் அது இங்கேதான். பிறகு அம்மாவிடம் திரும்பிவிட்டார்.

சில மாதங்களில் அப்பா இறந்துபோனார். அது 1912.

துப்பாக்கியோடு ஓர் இன்டர்வியூ

அதே 1912-ல்தான் கிஷ் சகோதரிகள் ஒரு சினிமா பார்க்கிறார்கள். திரையில் ஒரு பெண். அட, நம்ம கிளாடிஸ் ஸ்மித்!

அன்றைக்கு நாடகக்காரர்களுக்கு சினிமா என்றால் இளக்காரம். மேடையில் வாய்ப்பு இல்லாதவர்கள் போகும் இடம். கிளாடிஸுக்கு என்ன கஷ்டமோ என்று பதறித்தான் அவளைத் தேடிப் போனார்கள். நியூயார்க்கில் கிழக்கு 14-வது தெரு, 11-ம் எண். பயோகிராஃப் ஸ்டூடியோ இயங்கிவந்த பழைய மாளிகை. கிளாடிஸ் ஸ்மித் என்று இங்கே யாரும் இல்லையே என்றார்கள். படத்தின் பெயரைச் சொல்லி அடையாளம் சொன்ன பிறகுதான், ஓ, அந்தப் பெண்ணா என்று கூப்பிட்டுவிட்டார்கள். கிளாடிஸ் அதற்குள் மேரி பிக்ஃபோர்டு ஆகியிருந்தார். சில வருடங்களில் உலகத்திலேயே அதிகச் சம்பளம் வாங்கும் நடிகைகளில் ஒருவராக ஆகப்போகிறவர்.

அவர்தான் கிஷ் சகோதரிகளை கிரிஃபித்துக்கு அறிமுகம் செய்துவைத்தார். அன்றைக்கே ஒத்திகை. இரண்டு பெண்களும் ஒரே மாதிரி இருந்ததால் குழப்பம் வராமல் இருக்கத் தலையில் ஆளுக்கொரு நிறத்தில் ரிப்பன் கட்டச் சொல்லி, ரிப்பன் நிறத்தைச் சொல்லியே வேலை வாங்கினாராம் கிரிஃபித். திருடர்களுக்குப் பயந்து நடுங்க வேண்டும். போதிய பயம் வரவில்லை என்று தோன்றியதும் நிஜமாகவே துப்பாக்கியை எடுத்து மேலே சுட்டுக்கொண்டே அவர்களை அறை முழுக்கத் துரத்தினார். பைத்தியக்கார ஆஸ்பத்திரிக்குள் வந்துவிட்டோமோ என்று பெண்கள் நினைத்தார்கள். இன்றைக்கு ஓர் இயக்குநர் இப்படிச் செய்தால் ஸ்டூடியோ வாசலில் போலீஸ் ஜீப் நிற்கும். அன்றைக்கு, இருவருக்கும் வேலை கிடைத்தது. 'ஆன் அன்சீன் எனிமி' என்ற அந்த முதல் படத்தில் அக்கா தங்கையாகவே நடித்தார்கள். பெற்றவர் இறந்து தனியாக நிற்கும் இரண்டு பெண்கள், பூட்டிய அறை, சுவர் ஓட்டை வழியாக நீளும் துப்பாக்கி.

சில வாரங்கள் கழித்துதான் நம் 17 நிமிடப் படம்.

அதில் லில்லியனின் கதாபாத்திரத்துக்குப் பெயர்கூடக் கிடையாது. சின்னப் பெண்மணி என்று மட்டும்தான். கணவனுக்கும் பெயர் கிடையாது, இசைக்கலைஞர், அவ்வளவுதான். அந்த வேடத்தில் வால்டர் மில்லர். ரவுடிக்கு மட்டும் 'ஸ்னாப்பர் கிட்' என்று ஜோராக ஒரு பெயர். சினிமா யாரை ஞாபகம் வைத்துக்கொள்ளப் போகிறது என்பது அப்போதே முடிவாகிவிட்டது பாருங்கள். ரவுடியாக நடித்த எல்மர் பூத் பிரமாதமான நடிகர். மூன்றே வருடத்தில் ஒரு கார் விபத்தில் இறந்துபோனார். அவர் தங்கை மார்கரெட் பூத், குடும்பத்தைக் காப்பாற்ற ஃபிலிம் வெட்டி ஒட்டும் வேலைக்குப் போய், எம்.ஜி.எம். நிறுவனத்தின் பெரிய எடிட்டராக உயர்ந்தார். அது தனிக் கதை. ஆனாலும் பாருங்கள், இந்தப் படத்தைச் சுற்றி எங்கே தொட்டாலும் ஆண் போன வீட்டில் ஒரு பெண் வேலைக்குக் கிளம்புகிறாள்.

படத்தில் லில்லியனின் நடிப்பைக் கவனியுங்கள். மௌனப் படம் என்றதும் கண்ணை உருட்டி, நெஞ்சில் கை வைத்து, மயங்கி விழுவது என்று நாம் ஒரு கணக்கு வைத்திருப்போம். இந்தப் பெண் அதையெல்லாம் குறைத்துக்கொள்கிறார். தோழி ரவுடிகளின் நடன விருந்துக்குக் கூப்பிடும்போது போகிறாள். துக்கத்தில் இருக்கும் பெண் போகலாமா என்ற தயக்கமும், வீட்டுக்குள்ளேயே எத்தனை நாள் உட்கார்ந்திருப்பது என்ற சலிப்பும் அந்த முகத்தில் தெரிகின்றன. அங்கே இன்னொரு ரவுடி அவள் குடிக்கப்போகும் கோப்பையில் மயக்க மருந்து கலக்கிறான். பர்ஸைத் திருடிய ஸ்னாப்பர் கிட்தான் அவளைக் குடிக்கவிடாமல் தடுக்கிறான்.

அதிலிருந்து வெடிக்கும் கும்பல் சண்டையின் நடுவில் கணவன் தன் பர்ஸைத் திரும்பப் பிடுங்கிக்கொள்கிறான். கடைசியில் போலீஸ் ஸ்னாப்பர் கிட்டைப் பிடிக்க வரும்போது, தம்பதி இருவரும் அவன் எங்களோடுதான் இருந்தான் என்று பொய் சொல்லிக் காப்பாற்றுகிறார்கள். நல்லவன் கெட்டவன் கணக்கு அந்த வீட்டில் அவ்வளவு சுலபமாக இல்லை. 1912-ல் இப்படி ஒரு முடிவு வைக்கத் துணிச்சல் வேண்டும்.

கதவுக்கு உள்ளே நின்றவர்

அடுத்த பத்து வருடம் கிரிஃபித்தும் லில்லியனும் சேர்ந்து செய்த படங்களின் பட்டியல் நீளமானது. அதில் ஒன்றைப் பற்றிப் பூசி மெழுகாமல் சொல்லிவிட வேண்டும். 1915-ல் வந்த 'தி பர்த் ஆஃப் எ நேஷன்'. தொழில்நுட்பத்தில் பிரமாண்டம். ஆனால், கறுப்பின மக்களைக் கொடூரர்களாகவும், அவர்களைக் கொன்ற கு க்ளக்ஸ் க்ளான் கும்பலை மீட்பர்களாகவும் காட்டிய படம். வெளியானபோதே கறுப்பின உரிமை அமைப்புகள் எதிர்த்துப் போராடின. கலைந்துபோயிருந்த அந்தக் கும்பல் அதே வருடம் மறுபடி உயிர்பெற்றதில் இந்தப் படத்துக்குப் பங்கு உண்டு. லில்லியன் அதில் கதாநாயகிகளில் ஒருவர். நடித்தது 21 வயதில், சரி. ஆனால், அறுபது, எழுபது வயதிலும் கிரிஃபித்தை விட்டுக்கொடுக்காமல் வாதாடிக்கொண்டிருந்தார். அதை வெறும் குரு பக்தி என்று தள்ளிவிட எனக்கு மனம் வரவில்லை. 2019-ல் ஒஹையோவின் பௌலிங் கிரீன் பல்கலைக்கழகத்தில் மாணவர்கள் எதிர்ப்பு தெரிவிக்க, அங்கிருந்த தியேட்டரிலிருந்து கிஷ் சகோதரிகளின் பெயர் நீக்கப்பட்டது.

மற்ற படங்களுக்கு வருவோம். 'ப்ரோக்கன் ப்ளாசம்ஸ்' (1919) படத்தில் குடிகார அப்பாவிடம் அடிவாங்கும் சிறுமி. சிரி என்று அப்பா மிரட்டும்போது சிரிப்பு வராமல், இரண்டு விரல்களால் உதட்டோரங்களைத் தூக்கிச் சிரிப்பைச் செய்துகாட்டுவாள். 'வே டவுன் ஈஸ்ட்' (1920) படத்தில் பொய்க் கல்யாணம் செய்து ஏமாற்றிப் போனவனால் கைவிடப்பட்ட பெண். பனிக்கட்டி மிதக்கும் ஆற்றில் அவள் மயங்கிக் கிடக்கும் காட்சியை வெர்மான்ட்டில் நிஜ ஆற்றில் எடுத்தார்கள். ஒரு கையும் கூந்தலும் தண்ணீரில் இழுபட்டால் நன்றாக இருக்கும் என்று யோசனை சொன்னது லில்லியனேதான். இமையில் பனி உறைந்தது. திரும்பத் திரும்ப அந்தக் காட்சியை எடுத்ததில் கை விரல்களில் ஏற்பட்ட பாதிப்பு வாழ்நாள் முழுக்கப் போகவில்லை.

இதே 1920-ல் ஒரு வேடிக்கை நடந்தது. கிரிஃபித் வெளியூர் படப்பிடிப்புக்குக் கிளம்பும்போது, நியூயார்க்குக்கு வெளியே மமரோனெக் என்ற இடத்தில் பாதி கட்டி முடித்திருந்த ஸ்டூடியோவை லில்லியனிடம் ஒப்படைத்து, ஒரு படம் நீயே இயக்கு என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். பார்த்தீர்களா, இங்கேயும் ஆண் வெளியூர் போகிறார், வீட்டுப் பொறுப்பு பெண் தலையில்! மின்சார இணைப்பிலிருந்து மேஜை நாற்காலி வரை எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டு, தங்கை டோரதியைக் கதாநாயகியாக வைத்து ஒரு காமெடிப் படம் இயக்கினார் லில்லியன். 'ரீமாடலிங் ஹெர் ஹஸ்பண்ட்', அதாவது வழிதவறும் கணவனை ஒரு மனைவி சரிக்கட்டும் கதை. நல்ல வசூல். அதில் கணவனாக நடித்த ஜேம்ஸ் ரென்னியை டோரதி நிஜத்திலும் கல்யாணம் செய்துகொண்டார். ஆனால், லில்லியன் அதற்குப் பிறகு படம் இயக்கவே இல்லை. அந்த ஒரே படத்தின் பிரதியும் தொலைந்துபோய்விட்டது. மௌனப் படங்களில் பெரும்பகுதி இப்படித்தான் போனது.

கல்யாணம்? லில்லியன் கடைசிவரை செய்துகொள்ளவில்லை. கேட்டவர்கள் உண்டு. பிரபல நாடக விமர்சகர் ஜார்ஜ் ஜீன் நேதன் வருடக்கணக்கில் கேட்டுப் பார்த்தார். தயாரிப்பாளர் சார்லஸ் டூவெல் ஒருபடி மேலே போய், ஒப்பந்தத்தை மீறினார், என்னை மணக்கச் சம்மதித்திருந்தார் என்றெல்லாம் 1925-ல் கோர்ட்டுக்கு இழுத்தார். ஜெயித்தது லில்லியன். வழக்கு நடந்த நாள்களில் அவர் பச்சை கேரட்டைக் கடித்துக்கொண்டிருந்தது பத்திரிகைகளுக்குச் செய்தியாகி, கேரட் தின்பது கொஞ்ச நாள் ஃபேஷனாகக்கூட ஆனது. டயட் டிரெண்டுகள் நம் காலத்துக் கண்டுபிடிப்பு என்று நினைத்திருந்தால் மாற்றிக்கொள்ளுங்கள்.

பிறகு எம்.ஜி.எம். பெரிய சம்பளம், கதையையும் இயக்குநரையும் தேர்ந்தெடுக்கும் உரிமை. 'லா போஹெம்' (1926) படத்தில் காசநோயால் சாகும் பெண்ணாக நடிக்க மருத்துவமனைக்குப் போய் நோயாளிகளைப் பார்த்தார். உதடு வறண்டு தெரிய வேண்டும் என்பதற்காக மூன்று நாள் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. மூச்சு விடுவதே தெரியாமல் அவர் கிடந்ததைப் பார்த்து, நிஜமாகவே ஏதோ ஆகிவிட்டது என்று இயக்குநர் கிங் விடார் பயந்துபோனார். நடிப்பைப் பாராட்டலாம். உடம்பை இப்படி வதைத்துத்தான் நடிக்க வேண்டுமா என்றால், என் பதில் இல்லை என்பதுதான். தயவுசெய்து யாரும் முயற்சி செய்ய வேண்டாம்.

அதே 1926-ல், அடுத்த படமான 'தி ஸ்கார்லெட் லெட்டர்' நடந்துகொண்டிருந்தபோது லண்டனிலிருந்து செய்தி வந்தது. டோரதியோடு போயிருந்த அம்மாவுக்குப் பக்கவாதம். மீதமிருந்த காட்சிகளை இரவு பகலாக நடித்து முடித்துக்கொடுத்துவிட்டு, ரயில் பிடித்து, கப்பல் ஏறி ஓடினார் லில்லியன். அம்மா பிழைத்தார், ஆனால் பேச்சு போய்விட்டது. உலகமே மௌனப் படங்களிலிருந்து பேசும் படங்களுக்கு மாறிக்கொண்டிருந்த நேரத்தில், மௌனப் பட நாயகியின் வீட்டில் அம்மா பேச முடியாதவராக ஆனார். 22 வருடம் அந்த நிலையிலேயே இருந்தார். இரண்டு மகள்களும் அம்மாவைக் கடைசிவரை கூடவே வைத்துப் பார்த்துக்கொண்டார்கள்.

1928-ல் வந்த 'தி விண்ட்' படத்தை நான் தனியாகச் சொல்ல ஆசைப்படுகிறேன். கதையை அவரேதான் கண்டுபிடித்து ஸ்டூடியோவிடம் கொண்டுபோனார். டெக்சஸில் ஓயாமல் மணல்காற்று வீசும் ஓர் இடம். கணவன் வேலையாக வெளியே போயிருக்கிறான். புயல் ராத்திரி. தனியாக இருக்கும் பெண்ணிடம் ஒருவன் அத்துமீறி நுழைகிறான். அவள் அவனைச் சுட்டுவிடுகிறாள். 1912-ல் கன்னத்தில் அறைந்த பெண், பதினாறு வருடம் கழித்து இங்கே வந்து நிற்கிறாள். மொஹாவே பாலைவனத்தில் எட்டு விமான விசிறிகளை ஓடவிட்டு அவர் முகத்தில் மணலை அடித்தார்கள். வெயில் 120 டிகிரி ஃபாரன்ஹீட். இன்றைக்கு மௌனப் படங்களின் உச்சங்களில் ஒன்று என்று கொண்டாடப்படும் அந்தப் படம் வந்த நேரத்தில் ஓடவில்லை. பேசும் படங்கள் வந்துவிட்டிருந்தன. ஸ்டூடியோ அவரை அனுப்பிவிட்டது. 35 வயதில் ஹாலிவுட் அவரைப் பழைய ஆள் என்று முடிவுகட்டியது.

அவர் அழுதுகொண்டு உட்காரவில்லை, மேடைக்குத் திரும்பினார். அம்மா காட்டிய பழைய வழிதானே! 1936-ல் ஜான் கில்குட் ஹாம்லெட்டாக நடிக்க, 42 வயதில் அவருக்கு ஜோடியாக ஒஃபிலியா.

1948-ல் கிரிஃபித் ஒரு ஹாலிவுட் ஹோட்டலில் தனியாக இருந்த நிலையில் விழுந்து இறந்தார். வேலை கொடுக்க ஆள் இல்லாமல் கடைசி வருடங்களைக் குடியில் கழித்தவர் அவர். அதே வருடம் அம்மாவும் போனார். ஜேம்ஸ் ரென்னியை எப்போதோ விவாகரத்து செய்துவிட்டிருந்த டோரதிக்கும் குழந்தைகள் இல்லை. மிஞ்சியது அக்காவும் தங்கையும்தான்.

சாய்வு நாற்காலியில் ஒரு துப்பாக்கி

'தி நைட் ஆஃப் தி ஹன்டர்' (1955) பார்த்திருக்கிறீர்களா? இல்லையென்றால் இந்த வாரமே பாருங்கள். அப்பாவும் அம்மாவும் போய், ஒரு கொலைகாரனிடமிருந்து தப்பி ஓடிவரும் இரண்டு குழந்தைகளுக்கு அடைக்கலம் கொடுக்கும் கிழவி லில்லியன். ராத்திரி முழுக்க மடியில் துப்பாக்கியோடு நாற்காலியில் உட்கார்ந்து வீட்டைக் காவல் காப்பார். 1912-ல் கிரிஃபித் துப்பாக்கியோடு துரத்தியபோது அலறி ஓடிய அதே பெண்தான். ஆண்கள் வந்து காப்பாற்றுவதற்காகக் காத்திருந்த எத்தனையோ கதாநாயகி வேடங்களுக்கும் சேர்த்து வைத்து அன்றைக்கு உட்கார்ந்திருப்பது போல எனக்குத் தோன்றும்.

டோரதி 1968-ல் இத்தாலியில் இறந்தார். அடுத்த வருடமே லில்லியன் சுயசரிதை எழுதினார். தலைப்பில் தன் பெயர்கூட இல்லை, சினிமாவும் கிரிஃபித்தும்தான் முதலில். ஊர் ஊராகப் போய் மௌனப் படங்களைத் திரையிட்டுப் பேசினார். பழைய படச்சுருள்களைக் காப்பாற்றுங்கள் என்று கேட்டுக்கொண்டே இருந்தார். தன் ஒரே படம் தொலைந்துபோனவர் கேட்கும்போது அதில் ஒரு நியாயம் இருக்கத்தானே செய்யும்? 1971-ல் கௌரவ ஆஸ்கர்.

கடைசிப் படம் 'தி வேல்ஸ் ஆஃப் ஆகஸ்ட்' (1987). அப்போது அவருக்கு வயது 93. கடலோர வீட்டில் இரண்டு வயதான சகோதரிகள். பார்வை போன, சிடுசிடுக்கும் அக்காவாக பெட் டேவிஸ், அவரைப் பொறுமையாகப் பார்த்துக்கொள்ளும் தங்கையாக லில்லியன். ஒரு காட்சியில், போரில் இறந்துபோன கணவனின் போட்டோ முன்னால் உட்கார்ந்து, தன் கல்யாண நாளைத் தனியாகக் கொண்டாடுவார். கல்யாணமே ஆகாத, சொந்தத் தங்கையைப் பறிகொடுத்த 93 வயதுப் பெண்மணி நடித்தது என்பதைத் தெரிந்துகொண்டு பாருங்கள், வேறு மாதிரி இருக்கும்.

1993 பிப்ரவரி 27-ம் தேதி, நியூயார்க் வீட்டில் தூக்கத்திலேயே இறந்தார். நூறைத் தொட எட்டு மாதம்கூட இல்லை. டோரதியைப் புதைத்த அதே செயின்ட் பார்த்தலோமியோ தேவாலயத்தில் அவருக்கும் இடம். வாரிசு இல்லாத அவர் தன் சொத்திலிருந்து ஒரு விருதை ஏற்படுத்தச் சொல்லி உயில் எழுதியிருந்தார். விருதின் பெயரில் தங்கையைத்தான் முதலில் வைத்தார்: டோரதி அண்ட் லில்லியன் கிஷ் பிரைஸ். 1994 முதல் கலைஞர்களுக்கு அந்தப் பெரும் தொகை போகிறது. 1997-ல் பாப் டிலன், 2004-ல் ஜாஸ் கலைஞர் ஆர்னெட் கோல்மன் என்று இசைக்காரர்களும் வாங்கியிருக்கிறார்கள். வெறுங்கையோடு வீடு திரும்பிய அந்த இசைக்கலைஞனின் மனைவி வேடத்தை இந்தப் பட்டியலோடு சேர்த்து நினைத்துப் பார்க்காமல் இருக்க என்னால் முடியவில்லை.

'தி மஸ்கெட்டியர்ஸ் ஆஃப் பிக் ஆலி'யை 2016-ல் அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்த்துப் பாதுகாக்கிறார்கள். காப்புரிமைக் காலம் முடிந்த படம் என்பதால் யூடியூபில் இலவசமாகவே கிடைக்கிறது. ஆபீஸ் லன்ச் பிரேக்கில் பார்த்துவிடலாம். பார்க்கும்போது, அவள் நெரிசலான தெருவில் நடந்துபோகும் காட்சியில் கொஞ்சம் நிறுத்திப் பாருங்கள். கூட்டத்தில் ஓர் இளம்பெண் அவளைக் கடந்து எதிர்ப்பக்கமாகப் போவாள். படத்தில் இரண்டு பேரும் யாரோ எவரோ. அந்தப் பெண்தான் டோரதி.